தம்பி கடலில் இருந்தபோது நான் அழித்த தீவு

வீட்டில் ஒரே நின்டெண்டோ ஸ்விட்ச் கேம் கருவியை வைத்துக்கொண்டு இரண்டு மூன்று பேர் அனிமல் கிராசிங் விளையாட்டு ஆடுகிறீர்களா? பழைய தீவை அழித்துவிட்டு முதலிலிருந்து ஆரம்பிக்கலாம் என்ற எண்ணம் உங்களில் யாருக்காவது வந்திருக்கிறதா? அப்படியானால் அந்தப் பட்டனை அழுத்தும் முன் இதை ஒருமுறை படித்துவிடுங்கள். எனக்கு இதைச் சொல்ல அப்போது யாரும் இல்லை. தெரிந்தவர்கள் யாரிடமும் நானும் கேட்கவில்லை. 2024 மார்ச்சில் ஒரு ராத்திரி நான் எடுத்த முடிவால் நாலு மாதம் மனசு கெட்டு, 6,400 ரூபாய் போய், தம்பியிடம் ஒரு பொய்யும் சொல்ல வேண்டி வந்தது.

எங்கள் வீடு தண்டையார்பேட்டையில். நானும் தம்பியும் பாதிப் பாதி பணம் போட்டு 2020 செப்டம்பரில் பர்மா பஜாரில் ஸ்விட்ச் வாங்கினோம். 34,000 ரூபாய். விளையாட்டு இருக்கும் கேட்ரிட்ஜ் தனியாக 4,500. அனிமல் கிராசிங்: நியூ ஹொரைசன்ஸ் அந்த வருஷம் மார்ச் 20-ம் தேதிதான் வெளிவந்திருந்தது, அடுத்த நாலைந்து நாளில் இங்கே ஊரடங்கு வந்துவிட்டது. தெரியாதவர்களுக்காகச் சொல்கிறேன்: ஆளில்லாத ஒரு தீவில் கூடாரம் போட்டு வாழ்க்கையைத் தொடங்குவீர்கள். பக்கத்து வீட்டுக்காரர்கள் எல்லாம் பேசும் விலங்குகள். மீன் பிடிக்கலாம், மரம் நடலாம், கடன் வாங்கி வீடு கட்டலாம். நம் கடிகாரத்தில் என்ன மணியோ அதுதான் அங்கேயும் மணி. இங்கே ராத்திரி என்றால் அங்கேயும் ராத்திரி, கடை மூடியிருக்கும். டிசம்பர் நடுவில் பனி பொழியும். அந்த முதல் டிசம்பரில் அம்மா என் பின்னால் நின்று டிவியில் அந்தப் பனியைப் பார்த்துக்கொண்டே இருந்தார். வெளியே எண்ணூர் நெடுஞ்சாலையில் கன்டெய்னர் லாரிகள் ஹாரன் அடித்துக்கொண்டு நிற்கும். எங்கள் கூடத்தில் மட்டும் பனி.

நான் முதலில் ஆரம்பித்ததால் தீவின் பிரதிநிதி நான். தீவுக்குக் காசிமேடு என்று பெயர் வைத்தோம், ஆங்கில எழுத்தில்தான், இதில் தமிழ் எழுத்து வராது. தம்பி அவன் யூசரில் நுழைந்து கடற்கரையை ஒட்டி வீடு போட்டான். வீட்டுக் கடன் முழுக்க அடைக்க எனக்கு ஒரு வருஷத்துக்கு மேல் ஆனது. கடைசித் தவணை மட்டும் 24,98,000 பெல்ஸ், அதுதான் அங்கே காசு. அவனுக்கு வீட்டைப் பெரிதாக்குவதில் ஆசையில்லை. வாசலில் ஒரு கேரம் போர்டு வரைந்தான். இந்த விளையாட்டில் டிசைன் வரைய 32க்கு 32 கட்டம்தான் கிடைக்கும். அதற்குள் நாலு பாக்கெட், நடுவில் வட்டம், சிவப்புக் காயின், ஸ்ட்ரைக்கர் எல்லாம் கொண்டுவர நாலு ராத்திரி உட்கார்ந்தான். 2021 நவம்பரில் 2.0 அப்டேட் வந்து கரும்பு நடலாம் என்றானதும், வீட்டைச் சுற்றிக் கரும்பு நட்டுவிட்டான். அந்தப் பொங்கலுக்கு எங்கள் நிஜ வாசலில் இரண்டு கழி கரும்பு, தீவில் அவன் வாசலில் ஒரு தோட்டமே கரும்பு. மழை பெய்தால் கடலில் சீலகாந்த் என்ற அரிய மீன் கிடைக்கும் என்று தெரிந்து, மழை வந்த ராத்திரியில் ஒரு மணி வரை தூண்டில் போட்டுக்கொண்டிருந்தவன் அவன்.

அப்புறம் அவன் ஜிபி ரேட்டிங் என்ற மாலுமிப் பயிற்சி முடித்துக் கப்பலில் சேர்ந்தான். எனக்கும் ராஜாஜி சாலை பக்கத்தில் ஷிப்பிங் ஏஜென்சி ஒன்றில் கணக்கு வேலை. ஆடுவது குறைந்து, ஒரு கட்டத்தில் நின்றேபோனது. 2023 அக்டோபரில் அவன் ஒன்பது மாத ஒப்பந்தத்தில் மறுபடி கிளம்பினான். டிசம்பர் முதல் வாரம் மிக்ஜாம் புயலில் வீட்டுக்குள் முழங்கால் அளவு தண்ணீர். ஸ்விட்சைத் துணிப்பையில் சுற்றிப் பரணில் போட்டோம், அது தப்பித்தது. பிப்ரவரியில் எனக்கு நிச்சயமான கல்யாணம் நின்றுபோனது. எம்.சி. ரோட்டில் எடுத்த புடவை பிரிக்காமல் பீரோவில் இருந்தது. காரணங்களை இங்கே எழுத விருப்பமில்லை. எனக்குப் பழையது எதையும் பார்க்கப் பிடிக்காத ஒரு நிலை வந்தது என்று மட்டும் சொல்கிறேன். போனில் போட்டோக்களை அழித்தேன், சில நம்பர்களை அழித்தேன். ஒருநாள் பரணிலிருந்து ஸ்விட்சை இறக்கினேன்.

தீவு முழுக்கக் களை. என் பாத்திரம் தலை கலைந்து தூங்கி எழுந்த கோலத்தில் வந்தது. வீட்டுக் கதவைத் திறந்தால் உள்ளே கரப்பான்பூச்சி; பல நாள் வீட்டுக்குள் போகாவிட்டால் இந்த விளையாட்டில் அப்படி வரும். கோல்டி என்ற நாய் ஓடி வந்து, எத்தனை மாதமாகிவிட்டது தெரியுமா என்று கேட்டது. வேறு நாளாக இருந்தால் சிரித்திருப்பேன். அன்றைக்கு அழுகை வந்தது. இங்கேயும் எல்லாம் பாழாய்ப் போயிருக்கிறது, இதையாவது முதலிலிருந்து சரியாகச் செய்வோம் என்று தோன்றிவிட்டது.

இந்த இடத்தில் நான் தெரிந்துவைத்திருக்க வேண்டியது ஒன்று உண்டு. எத்தனை மாதம் விட்டுவைத்தாலும் இந்த விளையாட்டில் உண்மையில் பெரிதாக எதுவும் பாழாவதில்லை. பக்கத்து வீட்டு விலங்குகள் நம்மைக் கேட்காமல் ஊரை விட்டுப் போகாது. வீடு, கடன், மியூசியம் எல்லாம் வைத்தது வைத்தபடி இருக்கும். களையைப் பிடுங்க இரண்டு மாலை போதும். செடி விற்க வரும் லீஃப் களையைக் கடையை விட இரண்டு மடங்கு விலைக்கு எடுத்துக்கொள்ளும். கரப்பான்பூச்சியை மிதித்தால் தீர்ந்தது. ஒரு வாரம் பொறுத்து இதையெல்லாம் செய்திருந்தால், அழிக்கும் எண்ணமே போயிருக்கும் என்று இப்போது நினைக்கிறேன். மனசு சரியில்லாத வாரத்தில் இதைத் தொடவே தொடாதீர்கள்.

இன்னொன்று, நான் மாற்ற நினைத்தவற்றில் பெரும்பாலானவற்றை அழிக்காமலேயே மாற்றியிருக்கலாம். கே.கே. ஸ்லைடர் என்ற பாடகர் நாய் வந்து பாடிய பிறகு ஆற்றை மூடலாம், வெட்டலாம், மலையை இடிக்கலாம், பாதை போடலாம். 30,000 பெல்ஸ் கொடுத்தால் நம் வீட்டை வேறு இடத்துக்கு மாற்றலாம். விலங்குகளின் வீட்டுக்கும் மியூசியத்துக்கும் 50,000. முகம், முடியெல்லாம் கண்ணாடி முன் உட்கார்ந்தால் மாறிவிடும். கொடியையும் ஊர் இசையையும்கூட மாற்றலாம். எவ்வளவு முயன்றாலும் மாறாதவை சிலதான்: தீவின் பெயர், ஊர் அலுவலகமான ரெசிடென்ட் சர்வீசஸ் இருக்கும் இடம், விமான நிலையத்தின் இடம், கடற்கரையின் வளைவு, ஆறு கடலில் சேரும் வாய், ஊர்ப் பழம், வடகோளமா தென்கோளமா என்பது, அப்புறம் யார் பிரதிநிதி என்பது. உங்கள் மனக்குறை இந்தச் சிலவற்றில் ஒன்றாக இருந்தால்தான் ரீசெட் பற்றி யோசிக்கவே வேண்டும். எனக்குப் பெயரும் ரெசிடென்ட் சர்வீசஸ் இடமும் பிடிக்கவில்லை என்று அப்போது சொல்லிக்கொண்டேன். மூன்றரை வருஷமாகப் பிடித்திருந்த பெயர்தான் அது.

நேராக அழிக்கவில்லை, முதலில் குறுக்கு வழி தேடினேன். தீவு கேட்ரிட்ஜில்தான் இருக்கிறது, இன்னொரு கேட்ரிட்ஜ் போட்டால் இன்னொரு தீவு கிடைக்கும் என்று நினைத்து, ஆன்லைனில் ஒருவரிடம் 2,800 ரூபாய்க்குப் பழைய கேட்ரிட்ஜ் வாங்கினேன். பெரம்பூர் ஸ்டேஷன் வாசலில் போய் நின்று வாங்கி வந்தேன். போட்டுப் பார்த்தால் அதே களை மண்டிய காசிமேடு. நாம் ஆடிச் சேமித்தது, அதாவது சேவ் டேட்டா, இருப்பது ஸ்விட்சின் உள் மெமரியில். கேட்ரிட்ஜிலும் இல்லை, எஸ்டி கார்டிலும் இல்லை. பிறகு அதை 1,800-க்கு விற்றேன். அடுத்து புது யூசர் ஒன்று உருவாக்கி நுழைந்தேன். அதே தீவில் மூன்றாவது ஆளாகக் குடியேறச் சொன்னது. ஒரு ஸ்விட்சுக்கு ஒரே ஒரு தீவு. எட்டு பேர் வரை அதில் குடியிருக்கலாம், ஆனால் எட்டு பேருக்கும் சேர்த்து ஒரே தீவு. ஸ்டார்ட்யூ வேலி மாதிரி விளையாட்டுகளில் ஒரே யூசரில் பல பண்ணைகளைத் தனித்தனியாக வைத்துக்கொள்ளலாம், அந்தப் பழக்கத்தில் இங்கே வந்தால் ஏமாந்துபோவோம். உண்மையிலேயே இரண்டாவது தீவு வேண்டுமென்றால் இரண்டாவது ஸ்விட்ச் வேண்டும். பழைய ஸ்விட்ச் லைட் மாடல் ஒன்று போதும்.

அந்தப் புது யூசர் அதே தீவில் போய் நின்றபோதே எனக்குப் புரிந்திருக்க வேண்டும். உள்ளதைச் சொன்னால், புரிந்தது. தம்பி வீடு போகும் என்று தெரிந்துதான் செய்தேன். அவன் எங்கே இனிமேல் ஆடப்போகிறான், பெரியவனாகிவிட்டான், வந்தாலும் ஒன்றிரண்டு மாதம்தான் என்று எனக்கு நானே சமாதானம் சொல்லிக்கொண்டேன். அவன் யூசர் தனியாக இருப்பதால் அவன் பையில் வைத்திருப்பது, வரைந்த டிசைன்கள் எல்லாம் அவன் கணக்கோடு நிற்கும், வீட்டை மட்டும் மறுபடி கட்டிக்கொள்ளலாம் என்றும் நம்பினேன். ஒரு மெசேஜ் போட்டுக் கேட்டிருக்கலாம். நடுக்கடலில் நெட் கிடைக்காது, ஏதாவது துறைமுகம் வரும் வரை காத்திருக்க வேண்டும். எனக்கு அந்த ராத்திரியே முடித்துவிட வேண்டும் போல இருந்தது. சிஸ்டம் செட்டிங்ஸ், டேட்டா மேனேஜ்மென்ட், டெலீட் சேவ் டேட்டா. ஓர் எச்சரிக்கை வந்தது. படித்தேன், அழுத்தினேன். அரை நிமிஷம்கூட ஆகவில்லை.

முதல் இரண்டு வாரம் சந்தோஷமாக இருந்தேன் என்பதையும் மறைக்காமல் சொல்ல வேண்டும். வேலையிலிருந்து வந்து குளித்துவிட்டு உட்கார்ந்தால், ஒரு கூடாரம், இரண்டே பக்கத்து வீட்டுக்காரர்கள், அலைச் சத்தம். கடை கட்ட 30 இரும்புத் துண்டு வேண்டும். தினம் பாறைகளைத் தட்டிச் சேர்ப்பேன். அதில் மனசு கொஞ்சம் ஆறியது. ஆனால் இதன் வேகம் நம் கையில் இல்லை. கட்டடம் ஒன்று எழ ஒருநாள், ஆள் ஒருவர் வர ஒருநாள் என்று நிஜ நாட்களாக நகரும். ஆற்றை வெட்டும் கட்டத்துக்கு வரவே எனக்கு மூன்று வாரம் ஆனது. சில மீன்களும் பூச்சிகளும் குறிப்பிட்ட மாதங்களில்தான் வரும் என்பதால் மியூசியத்தை நிரப்ப ஒரு வருஷமாவது வேண்டும். முன்பு 73 தொல்லுயிர் எச்சங்களையும் சேர்த்து முடித்திருந்தேன். இப்போது அந்த மண்டபத்தில் ஒரே ஒரு எலும்பு.

ரெசிடென்ட் சர்வீசஸ் கட்டடம் எழுந்த அன்றைக்கு, தம்பிக்கும் ஒரு வீடு தயாராக வைப்போம் என்று அவன் யூசரைத் திறந்தேன். பெயர் என்ன, முகம் எப்படி வேண்டும் என்று கேட்டது. அவன் பை இல்லை, டிசைன் இல்லை, கேரம் போர்டு இல்லை. அந்த விளையாட்டைப் பொறுத்தவரை அப்படி ஓர் ஆள் அங்கே வாழ்ந்ததே இல்லை. கைகால் சில்லிட்டுப்போனது. ஸ்விட்சின் புரொஃபைலில் மட்டும் அவன் பெயருக்குக் கீழே 310 மணி நேரம் அல்லது அதற்கு மேல் ஆடியதாக இருந்தது.

ஏப்ரல் கடைசியில் கப்பல் சிங்கப்பூர் வந்தபோது வீடியோ காலில் வந்தான். சாப்பாடு, சம்பளம், அம்மாவின் முட்டிவலி எல்லாம் பேசி முடித்து, வைக்கும்போது கேட்டான்: “க்கா, கரும்பு கீதா? தண்ணி ஊத்துறியா?” இருக்குடா என்று சொல்லிவிட்டேன். கல்யாணம் நின்ற விஷயத்தில் எனக்காக அவன் எவ்வளவு துடித்தான் என்று எனக்குத் தெரியும். அந்த நேரத்தில் அவனிடம் பொய் சொன்னது இன்றுவரை உறுத்துகிறது.

அன்றைக்கு ஆரம்பித்ததுதான் மீட்கும் முயற்சி. மிச்சக் காசெல்லாம் அதில்தான் போனது. முதலில், ஸ்விட்ச் ஆன்லைன் சந்தா எடுத்தால் கிளவுடிலிருந்து வந்துவிடும் என்று நினைத்து 20 டாலர் கார்டு ஒன்றை 1,900 ரூபாய்க்கு வாங்கி ஒரு வருஷச் சந்தா கட்டினேன். இந்த விளையாட்டுக்கு வழக்கமான கிளவுட் சேவ் கிடையாது. 2020 ஜூலை கடைசியில் தீவுக்கென்று தனி பேக்கப் வசதி கொடுத்தார்கள். அதுவும் சந்தா இருந்து, முன்கூட்டியே ஆன் செய்து வைத்திருந்தால்தான். ஸ்விட்ச் தொலைந்தாலோ உடைந்தாலோ தீவை மீட்பதற்காக வந்தது அது. மனம் மாறியவர்கள் பழைய தீவுக்குத் திரும்புவதற்காக அல்ல. அழித்த பிறகு சந்தா எடுத்த எனக்கு அதில் எடுக்க எதுவும் இல்லை. அடுத்து ஒரு சர்வீஸ் கடை. “போன்ல அழிஞ்ச போட்டோவே எடுக்குறோம், இது எடுக்க மாட்டோமா” என்றார் அங்கிருந்தவர். 3,500 ரூபாய் முன்பணம். ஒன்பது நாள் இன்னைக்கு நாளைக்கு என்று இழுத்து, கடைசியில் டேட்டா வரலைம்மா, பணத்தை உழைப்புக்கு எடுத்துக்கிட்டோம் என்று ஸ்விட்சை மட்டும் திருப்பிக் கொடுத்தார்கள். பில் இல்லை. நின்டெண்டோ இந்தியாவில் நேரடியாக விற்பதில்லை, அதனால் போய்க் கேட்க ஒரு கம்பெனி சர்வீஸ் சென்டரும் நமக்கு இல்லை. ஸ்விட்சில் அழித்த சேவ் டேட்டாவை மீட்டுத் தருகிறேன் என்று யார் சொன்னாலும் முன்பணம் கொடுக்காதீர்கள். அழித்தால் போனதுதான்.

அழிக்கத்தான் போகிறேன் என்று முடிவெடுத்தவர்கள், அதற்கு முன் ஒரு ஞாயிற்றுக்கிழமையை ஒதுக்கி இதையெல்லாம் செய்யுங்கள். அந்தத் தீவில் குடியிருக்கும் ஒவ்வொருவரிடமும் வாயைத் திறந்து கேளுங்கள், சின்னப் பிள்ளையாக இருந்தாலும் கேளுங்கள். இன்னொரு ஸ்விட்சில் ஒரு தீவு இருந்தால், பிரதிநிதி அல்லாத ஒருவரை வீட்டோடும் சாமானோடும் அங்கே குடிமாற்றலாம்; 2020 நவம்பர் அப்டேட்டிலிருந்து அந்த வசதி இருக்கிறது. டைட்டில் திரையில் மைனஸ் பட்டனை அழுத்தினால் அந்த செட்டிங்ஸ் வரும். ஸ்விட்ச் வைத்திருக்கும் நண்பர் இருந்தால் அரிய சாமான்களையும் பெல்ஸையும் அவர் தீவில் போட்டுவைத்து, பிறகு வாங்கிக்கொள்ளலாம். வரைந்த டிசைன்களை தீவின் ஏபிள் சிஸ்டர்ஸ் துணிக்கடையில் இருக்கும் இயந்திரத்தில் பதிவேற்றி, கிடைக்கும் எண்ணை ஒரு நோட்டில் எழுதிவையுங்கள், இதற்கும் சந்தா வேண்டும். எதுவும் முடியாவிட்டால் படமாவது எடுங்கள். கேப்சர் பட்டனில் எடுக்கும் படங்கள் ஸ்விட்சின் ஆல்பத்தில் தனியாக இருக்கும். சேவ் டேட்டாவை அழித்தாலும் அவை போகாது.

இது தெரியவந்தபோதுதான் எனக்கு மூச்சே வந்தது. ஆல்பத்தைத் திறந்து 2020 வரை பின்னால் போனேன். கேரம் போர்டு வரைந்து முடித்த ராத்திரி, எடிட்டர் திரையை அப்படியே ஒரு படம் எடுத்து வைத்திருந்தான் அவன். கட்டங்கள் தெளிவாகத் தெரிந்தன. மே மாதம் முழுக்க வெயிலும் கரண்ட் கட்டுமாக இருந்தது. ஒரு கிராஃப் நோட்டு வாங்கி, டிவியில் படத்தைப் பெரிதாக்கி, வரிசை வரிசையாக எண்ணிக் குறித்தேன். 1,024 கட்டம். ஒருமுறை இரண்டு வரிசை தவறி மறுபடி முதலிலிருந்து. அவன் நாலு ராத்திரியில் வரைந்ததைப் பார்த்து எழுத எனக்கு ஆறு ராத்திரி ஆனது.

ஜூலையில் வந்தான். அம்மா காசிமேட்டிலிருந்து வஞ்சிரம் வாங்கி வந்து குழம்பு வைத்திருந்தார். சாப்பிட்டுவிட்டு அவன் ஸ்விட்சைக் கையில் எடுக்கும் முன் சொல்லிவிட வேண்டும் என்று இருந்தேன். நான் தட்டு கழுவிவிட்டு வருவதற்குள் திறந்துவிட்டான். “இன்னாக்கா, என் வீடு எங்க?” எல்லாவற்றையும் சொன்னேன், ஏப்ரலில் சொன்ன பொய் உட்பட. அவன் கத்தவில்லை. ஸ்விட்சை டேபிளில் வைத்துவிட்டு மொட்டை மாடிக்குப் போய்விட்டான். ராத்திரி பதினொரு மணிக்குத்தான் இறங்கி வந்தான். “கேட்டிருந்தா நானே சரின்னு சொல்லியிருப்பேன்க்கா” என்றான். அதற்கு என்னிடம் பதில் இல்லை. கிராஃப் நோட்டைக் கொடுத்தேன். வெகுநேரம் பார்த்தான். பக்கத்தில் கிடந்த பேனாவை எடுத்து இரண்டு கட்டத்தைத் திருத்தினான், ஸ்ட்ரைக்கரின் நிறத்தை நான் தப்பாகக் குறித்திருந்தேன்.

மறுநாள் அவனே பெயர், முகம் எல்லாம் கொடுத்து உள்ளே வந்தான். கடற்கரையை ஒட்டி, முன்பு இருந்த மாதிரியே கடலைப் பார்த்துக் கூடாரம் போட்டான். கரும்புக் கன்று லீஃபிடம் வரும் வரை ஒன்றரை மாதம் காத்திருந்து வாங்கி நட்டான். நவம்பரில் மறுபடி கப்பல் ஏறிவிட்டான். மாதம் இரண்டு முறை, ஞாயிற்றுக்கிழமை காலையில், அவன் யூசரில் நுழைந்து கரும்புக்குத் தண்ணீர் ஊற்றிவிட்டு, அவன் வீட்டுக் கதவைத் திறந்து உள்ளே ஒரு சுற்று நடந்துவிட்டு வருகிறேன். கரப்பான்பூச்சி வரக்கூடாது.